கோஹங்கா ரேயோ

நியூசிலாந்தின் மாவோரி மொழித் தொடர். கோஹங்கா என்றால் பறவைக் கூடு. ரேயோ என்பதற்குக் குரல், மொழி என இரு பொருளும் உண்டு. குழந்தைகள் நாள் முழுக்க மாவோரியிலேயே பேசிப் பழகும் மழலையர் பள்ளிக்கு இது பெயராயிற்று. முதல் கூடு 1982இல் வெலிங்டனை அடுத்த வைனுயோமாட்டாவில் திறந்தது. பள்ளியில் மாவோரி பேசி அடிவாங்கியவர்கள் பலர், தம் பிள்ளைகளை ஆங்கிலத்திலேயே வளர்த்திருந்தார்கள். தாய்மொழி தாத்தா பாட்டிகளின் நாவில்தான் உயிரோடிருந்தது. அவர்களையே பேரப்பிள்ளைகள் நடுவே உட்காரவைத்தார்கள். எந்தப் பாடநூலும் செய்ய முடியாத வேலை அது. மாவோரி ஆட்சிமொழியானதே 1987இல்தான். சட்டத்துக்கு முன்பே மக்கள் தொடங்கிவிட்டார்கள் என்பதை அழுத்திச் சொல்ல வேண்டும்.

ரேயோ பழைய பாலினேசியச் சொல். மாவோரியின் ரகரம் ஹவாய் மொழியில் லகரமாக ஒலிக்கும். அங்கே அது லேயோ, குரல். 1896இல் பள்ளிகளிலிருந்து விலக்கப்பட்ட ஹவாய் மொழிக்கு, 1984இல் பூனானா லேயோ என்ற பெயரிலேயே மழலையர் பள்ளி பிறந்தது. பூனானாவும் கூடுதான். பின்லாந்திலும், சில நூறு பேரே பேசும் இனாரி சாமி மொழிக்கு 1997இல் இதே போன்ற கூடு அமைந்தது.