வானவெளியில் சர்க்காரும் கம்பெனியும்

புதியதொரு வழி திறக்கப்படுங்கால், அதைத் திறந்தவர் எவர், செலவைச் சுமந்தவர் எவர், பயனை நுகர்பவர் எவர் என்னும் மூன்று கேள்விகள் எழுதல் இயல்பு. கடல்வழிகள் திறக்கப்பட்ட காலத்தும் இவை எழுந்தன. இன்று வானவெளியைப் பற்றியும் எழுகின்றன. “யாவும் முதலாளிகளின் ஊக்கத்தால் விளைந்தவை, சர்க்கார் ஒதுங்கி நிற்பதே முறை” என்பர் ஒரு சாரார். “வானவெளி அரசுக்கே உரியது, வணிகருக்கு அங்கு என்ன வேலை?” என்பர் மற்றொரு சாரார். அமெரிக்க நாட்டின் சரித்திரத்தை நடுநிலையோடு நோக்குவார்க்கு, இரண்டும் பாதி உண்மைகளே என்பது புலப்படும்.

1926 மார்ச் 16-ஆம் நாள், மாஸச்சூஸெட்ஸ் மாகாணத்து ஆபர்ன் என்னும் ஊரில், பெட்ரோலும் திரவப் பிராணவாயுவும் எரிந்து உந்தும் ராக்கெட்டை இராபர்ட் காடர்டு என்னும் பேராசிரியர் உலகில் முதன்முதல் ஏவினார். அது பறந்தது இரண்டரை விநாடி. எழுந்த உயரம் 41 அடி. காற்றில்லா வெளியில் ராக்கெட்டு இயங்காது என்று 1920-இல் அவரை எள்ளி நகையாடிய ‘நியூயார்க் டைம்ஸ்’, 1969 ஜூலையில் மனிதர் சந்திரனை நோக்கிச் சென்றுகொண்டிருந்த போதுதான் தன் பிழையைத் திருத்திக்கொண்டது! அவருக்கு 1930-இல் ஒரு லட்சம் டாலர் அளிக்க முன்வந்தவர் சர்க்கார் அல்லர். டேனியல் குகன்ஹைம் என்னும் செல்வரே. ஆயினும், ஒரு செல்வரின் கொடை சில ஆயிரம் அடி உயரத்திற்குப் போதும், சந்திரனுக்குப் போதுமோ?

அப்பெருஞ்செலவுக்கு அரசுகளைத் தூண்டியது அறிவு வேட்கையன்று, அச்சமே. 1942 அக்டோபரில் ஜெர்மன் ராணுவத்தின் வி-2 ராக்கெட்டு வானவெளியின் விளிம்பை எட்டியது. பின்னர் அதனைச் செய்வதற்கென அடிமைகளாக்கப்பட்ட முகாம் கைதிகளுள் பல்லாயிரவர் மாண்டனர். அரசின் செயல் என்பதனாலேயே ஒன்று அறமாகிவிடாது என்பதற்கு இதனினும் சான்று வேண்டுவதில்லை. 1957 அக்டோபர் 4-இல் சோவியத் நாடு ‘ஸ்புட்னிக்’கை ஏவிற்று. அதனால் திடுக்குற்ற அமெரிக்கா மறு ஆண்டே ‘நாஸா’ என்னும் சர்க்கார் ஸ்தாபனத்தை நிறுவியது.

சந்திரப் பிரயாணத்திற்கு ஏறத்தாழ 2,500 கோடி டாலர் செலவாயிற்று. அது பொதுமக்கள் செலுத்திய வரிப்பணம். ஆனால் அந்த ராக்கெட்டைச் செய்த கைகள் எவருடையவை? முதலடுக்கு போயிங் கம்பெனியுடையது. இரண்டாவது நார்த் அமெரிக்கன், மூன்றாவது டக்ளஸ். சந்திரனில் இறங்கிய கலம் க்ரம்மன் கம்பெனியுடையது. நாஸா திட்டம் வகுத்து மேற்பார்த்தது. ஆன செலவையும், அதன்மேல் இலாபத்தையும் கொடுத்தது. பண்டம் இன்னதாகும் என்றும், விலை இவ்வளவாகும் என்றும் எவரும் அறியாத காலத்தில் வேறு முறை இல்லை. எனினும், செலவு பெருகப் பெருக இலாபம் குறையாத அம்முறையில், சிக்கனத்தை நாடுவார் யார்?

2011-இல் அமெரிக்க ‘ஷட்டில்’ விமானங்கள் ஓய்வுபெற்றன. 135 பிரயாணங்கள் செய்த அவை, இரு விபத்துக்களில் 14 உயிர்களைப் பலிகொண்டிருந்தன. அதன்பின், சந்திரனில் கால்வைத்த நாடு தன் வீரர்களை அனுப்ப ருஷ்யாவிடம் கட்டணம் கொடுத்து இடம் பெற நேர்ந்தது.

இந்நிலை வருமென்றறிந்த நாஸா 2006-லேயே முறையை மாற்றத் தொடங்கியிருந்தது. ‘எம் நிலையத்திற்குச் சரக்குக் கொண்டுவருக, கூலி இவ்வளவு, கலத்தை நீரே செய்துகொள்க’ என்பதே புதுமுறை. 2002-இல் தோன்றிய ஸ்பேஸ்-எக்ஸ் கம்பெனியின் முதல் ராக்கெட்டு மும்முறை தோற்று, 2008 செப்டம்பரில் நான்காம் முறை வென்றது. கைப்பொருள் கரைந்திருந்த அக்கம்பெனிக்கு, அவ்வாண்டு டிசம்பரில், 12 பிரயாணங்களுக்கென 160 கோடி டாலர் ஒப்பந்தத்தை நாஸா அளித்தது. 2012-இல் அதன் கலம் நிலையத்தை அடைந்தது. 2015-இல் அதன் ராக்கெட்டின் முதலடுக்கு மீண்டும் தரையில் நின்றிறங்கியது. 2020 மே மாதத்தில் அது மனிதரையும் ஏற்றிச் சென்றது. ஊக்கம் கம்பெனியுடையதே, அவ்வூக்கம் பட்டுப்போகாமற் காத்தது மக்கள் பணம்!

கம்பெனி என்ற மாத்திரத்தால் வெற்றி வருமென்பதும் பொய். 2014-இல் ஸ்பேஸ்-எக்ஸுக்கு 260 கோடியும், போயிங்குக்கு 420 கோடியும் பேசப்பட்டன. மிகுதி பெற்ற போயிங்கின் கலம் 2024-இல் இரு வீரரை ஏற்றிச் சென்று, பழுதுற்று, அவர்களை விட்டுவிட்டு வெறுமையாகத் திரும்பியது. அவ்விருவரும் 2025 மார்ச்சில் மற்றக் கம்பெனியின் கலத்திலேயே தரை சேர்ந்தனர். ஒருவரையே நம்பாது இருவரை அமர்த்திய சர்க்காரின் முன்யோசனை அன்று பயன்பட்டது.

மேலும், 1977-இல் புறப்பட்ட இரு ‘வாயேஜர்’ கலங்கள் சூரியனது ஆட்சி எல்லையையும் கடந்து போயின. அவற்றால் எவர் பெட்டியில் எத்தனை காசு விழுந்தது? இலாபமில்லா அறிவைத் தேட, பொதுப்பணமன்றி வேறு புகல் இல்லை.

இனி, மூன்றாவது கேள்வி. எந்நாடும் சந்திரன் முதலிய கோளங்களைத் தனதாக்கிக்கொள்ளலாகாது என்றும், ஒரு நாட்டுக் கம்பெனி அங்குச் செய்வதற்கு அந்நாட்டு அரசே பொறுப்பு என்றும் 1967-ஆம் ஆண்டு உடன்படிக்கை கூறுகிறது. ஆனால், அங்கிருந்து எடுக்கும் கனிப்பொருள் எடுத்தவர்க்கே சொந்தம் எனத் தன் குடிகளுக்கு உரிமை தந்து 2015-இல் சட்டம் செய்தது அமெரிக்கா. நிலம் எவர்க்கும் உரித்தன்று. அதன் பொருள் மட்டும் வல்லவர்க்கு உரித்து என்றால், உடன்படிக்கையில் எஞ்சுவது யாது?

1786-இல் பினாங்கிலும் 1819-இல் சிங்கப்பூரிலும் கொடி நாட்டியது கும்பினியே என்பதை நாம் மறத்தலாகாது. வாணிகத்திற்குச் சாசனம் பெற்ற அது, படை வைத்தது, வரி தண்டியது, நாடாண்டது. அதன் ஆட்சியைப் பார்லிமெண்டு முற்றும் நீக்கியது 1858-இல். சந்திரனில் அடிமைப்படுத்தக் குடிகள் இல்லை. ஆயினும் சாசனம் தருவோர் கடிவாளத்தையும் கையில் வைத்திருத்தல் வேண்டும் என்னும் பாடம் அங்கும் செல்லும்.

ஆதலின், கம்பெனி கலம் செய்க. போட்டியால் விலையைக் குறைக்க. சர்க்கார் துணிந்து வழி திறக்க, சட்டத்தால் காக்க. பொதுப்பணத்தால் திறந்த வழியில் பொதுமக்களின் பங்கு யாது என்று கேட்பது மட்டும் நம் அனைவரின் கடமையாகும்.