இலத்தீன் பூசையும் ஒரு ராக் இசைக்குழுவும்

1968ஆம் ஆண்டு ஜனவரித் திங்களில் அமெரிக்க இசைத்தட்டுக் கடைகளுக்கு வந்த ஒரு தட்டின் பெயர் ‘மாஸ் இன் எஃப் மைனர்’. எஃப் மைனர் சுரவரிசையில் அமைந்த திருப்பலி என்பது அதன் பொருள். கீரியே, குளோரியா, கிரேதோ, சாங்துஸ், பெனெதிக்துஸ், ஆஞ்ஞுஸ் தேயி என ஆறு பகுதிகள். சொற்கள் நம் முன்னோர் பூசை வேளையில் கேட்டுவந்த அதே சொற்கள். பாடியவர்களோ மடத்துத் துறவியரும் அல்லர், பேராலயப் பாடகரும் அல்லர். மின் கித்தாரை உறும வைத்துப் பெயர் பெற்ற ‘எலெக்ட்ரிக் புரூன்ஸ்’ என்னும் ராக் இசைக்குழுவினர் அவர்கள். உலர்த்திய பிளம் பழத்தை ஆங்கிலத்தில் புரூன் என்பர். ஊதா நிறத்தில் இருக்கும், ரீங்காரமிடும், அது என்ன என்றொரு விளையாட்டு விடுகதை. மின்சாரம் பாய்ந்த புரூன் என்பது விடை. அந்த விடையைத்தான் தங்கள் பெயராக அவர்கள் சூட்டிக்கொண்டார்கள்.

இத்தகைய பெயருடைய குழு திருப்பலியின் சொற்களைத் தொட்டது தகுமா என்ற கேள்வி வாசகர் உள்ளத்தில் எழுவது இயல்பே. அதற்குப் பின்னர் வருவோம். அந்தத் தட்டினால் அக்குழுவுக்கு நேர்ந்தது என்ன என்பதை முதலில் பார்ப்பது நல்லது.

கலிபோர்னியா மாநிலத்தின் லாஸ் ஏஞ்சல்ஸ் நகரை ஒட்டிய சான் பெர்னாண்டோ பள்ளத்தாக்கில் 1965ஆம் ஆண்டு இந்த இளைஞர்கள் ஒன்றுகூடினர். 1964இல் பீட்டில்ஸ் குழுவினர் இங்கிலாந்திலிருந்து அமெரிக்க மண்ணில் வந்திறங்கியபின், ஊர்தோறும் இளைஞர்கள் கித்தாரும் முரசும் வாங்கி, வீட்டையொட்டிய கார்க் கொட்டகைகளில் பயிற்சி செய்யத் தலைப்பட்டனர். கார்க் கொட்டகைக்கு ஆங்கிலத்தில் ‘கராஜ்’ என்று பெயராதலின், அவர்கள் வாசித்த முரட்டு இசை ‘கராஜ் ராக்’ ஆயிற்று. அதனோடு, மயக்கநிலைக் காட்சிகளைப் போலச் செவிக்குத் தோன்றும் விந்தை ஒலிகளும் சேர்ந்தபோது ‘சைக்கெடெலிக்’ என்ற அடைமொழி வந்து ஒட்டிக்கொண்டது. போதைப்பொருள் பழக்கம் அந்தத் தலைமுறையில் விளைத்த கேட்டை நாம் மறைக்கவில்லை. ஆயினும் அவ்வொலிகள் எல்லாம் போதையின் பிள்ளைகள் அல்ல. பல, ஒலிப்பதிவுக் கூடத்துப் பிசகுகளின் பிள்ளைகள்.

பாடகர் ஜேம்ஸ் லோ, தாழ்குரல் கித்தாரும் விசைப்பலகையும் வாசித்த மார்க் டூலின், முதன்மைக் கித்தார் வாசித்த கென் வில்லியம்ஸ் ஆகிய மூவரே இக்குழுவின் முதுகெலும்பு. முதலில் ‘சாங்ஷன்ஸ்’ என்றும், பிறகு ‘ஜிம் அண்ட் தி லார்ட்ஸ்’ என்றும் அழைத்துக்கொண்டனர். முரசு வாசித்த மைக்கேல் வீக்லி 1966இல் விலக, பிரெஸ்டன் ரிட்டர் வந்தார். தாளக் கித்தாருக்கு ஜேம்ஸ் ஸ்பாக்னோலா சேர்ந்தார். வீடு விற்பனைத் தரகரான பெண்மணி ஒருவர் வழியாக டேவ் ஹாஸிங்கரின் அறிமுகம் இவர்களுக்குக் கிட்டியது. ரோலிங் ஸ்டோன்ஸ் குழுவின் புகழ்பெற்ற பாடல்களைப் பதிவு செய்த ஒலிப் பொறியாளர் அவர். தாமே தயாரிப்பாளராக வேண்டும் என்று அப்போது விரும்பிக்கொண்டிருந்தார். பாடகர் பிராங்க் சினாட்ரா 1960இல் தொடங்கிய ‘ரிப்ரைஸ்’ நிறுவனத்தின் பெயரில் தட்டுகள் வெளிவந்தன.

1966 நவம்பரில் வெளியான ‘ஐ ஹாட் டூ மச் டு ட்ரீம் லாஸ்ட் நைட்’ என்ற பாடல் மறு ஆண்டுத் தொடக்கத்தில் அமெரிக்கப் பட்டியலில் 11ஆம் இடத்தை எட்டியது. நேற்றிரவு அளவுக்கு மீறிக் கனவு கண்டேன் என்பது தலைப்பின் பொருள். குடித்தேன் என்று வரவேண்டிய வழக்குத் தொடரில் கனவு வந்து அமர்ந்த சொல்விளையாட்டு அது. பாடலின் உள்ளே இருப்பதோ காதலியை இழந்தவனின் துயரம் மட்டுமே. அதன் தொடக்கத்தில் வண்டுக் கூட்டம் போல் எழும் அதிர்வொலி எப்படிப் பிறந்தது தெரியுமா? நாடாவைத் திருப்பிப் போட்டுப் போட்டு மேலும் மேலும் பதிவு செய்துகொண்டிருந்தவர்கள், ஒருமுறை பதிவுப் பொத்தானை அழுத்த மறந்துவிட்டார்கள். முன்னர் வாசித்த கித்தார் பின்னிருந்து முன்னாகப் பேரொலியுடன் கூடத்தில் முழங்கிற்று. அதை அழிக்காதீர்கள் என்று லோ கேட்டுக்கொண்டார். அடுத்த பாடலான ‘கெட் மீ டு தி வேர்ல்ட் ஆன் டைம்’ 27ஆம் இடம் வரை சென்றது.

வெற்றி வந்தது, ஆனால் அந்த வெற்றிப் பாடல் அவர்கள் எழுதியதன்று. ஆனெட் டக்கர், நான்சி மான்ட்ஸ் என்ற இரு பெண்கள் எழுதியது. முதல் நெடுந்தட்டின் பாடல்களிலும் மிகப்பல அவர்களுடையவையே. 1967இல் வெளிவந்த ‘அண்டர்கிரவுண்ட்’ என்ற இரண்டாம் தட்டில்தான் குழுவினர் தம் சொந்தப் பாடல்கள் பலவற்றைச் சேர்க்க முடிந்தது. நம் செவிக்கு அதுவே அவர்களுடைய சிறந்த தட்டு. கடையில் அது அத்துணை விலைபோகவில்லை. அது பதிவாகும்போதே ரிட்டர் விலக, பழைய வீக்லி மீண்டும் வந்தார். ஸ்பாக்னோலா நோயுற்றமையால் அவரிடத்தில் மைக் கேனன் வந்தார். அந்த ஆண்டின் இறுதியில் ஐரோப்பாவிலும் சுற்றிவந்தனர். ஸ்டாக்ஹோம் நகரில் அவர்கள் வாசித்ததன் பதிவு 30 ஆண்டுகள் கழிந்து 1997இல் வெளியானபோது, மேடையில் அவர்கள் எத்துணை வலிமை வாய்ந்தவர்கள் என்பதை உலகம் உணர்ந்தது.

இவ்வேளையில்தான் திருப்பலிக்கு இசையமைக்கும் எண்ணம் குழுவின் மேலாளரிடமிருந்து கிளம்பியது. இசையமைக்கும் பணியை ஹாஸிங்கர் டேவிட் ஆக்ஸல்ராட் என்பவரிடம் ஒப்படைத்தார். ஜாஸ் இசைஞர் கேனன்பால் ஆடர்லி முதலானோரின் தட்டுகளைத் தயாரித்துத் தேர்ந்த கை அவர். வயலின்களும் ஊதுகருவிகளும் மின் கித்தார்களும் இணையுமாறு அவர் முழு இசையையும் எழுத்தில் வடித்துக் கொடுத்தார். இடர் அங்கேதான் முளைத்தது. குழுவில் இசைக்குறிப்பைப் படிக்கத் தெரிந்தவர் டூலின் ஒருவரே. மற்றவர் செவிவழி கற்றவர். கீரியே, குளோரியா, கிரேதோ ஆகிய மூன்றையும் குழுவினர் வாசித்து முடித்தனர். குறித்த காலத்துக்குள் வேலை முடியாது என்று கண்ட தயாரிப்பாளர், ‘கலெக்டர்ஸ்’ என்ற கனடா நாட்டுக் குழுவினரையும், கூடத்தில் ஊதியத்துக்கு வாசிக்கும் கலைஞரையும் வரவழைத்து எஞ்சியதை முடித்தார். விசுவாசப் பிரமாணம் வரை வந்தவர்கள், சாங்துஸ் தொடங்கும்போது தம் தட்டிலேயே பிறருக்கு இடம்விட்டு ஒதுங்க வேண்டியதாயிற்று. வெளியுறையில் இருந்தது எலெக்ட்ரிக் புரூன்ஸ் என்ற பெயரே.

சாந்தா மோனிக்கா நகர அரங்கில் இதனை மேடையேற்றிய முயற்சி பெருந்தடுமாற்றமாய் முடிந்தது. தட்டு விற்பனைப் பட்டியலில் 135ஆம் இடத்தோடு நின்றது. 1968இல் லோ விலகினார்; சில திங்களில் எஞ்சியவரும் கலைந்தனர். ஆனால் குழுவின் பெயருக்கான உரிமை தயாரிப்பாளர் கையில் இருந்தது. பின்னாளில் பெரும்பாடகராய்ப் புகழ்பெற்ற கென்னி லாகின்ஸ்கூடச் சிறிது காலம் அந்தப் பெயரின்கீழ் ஊர் ஊராய்ச் சென்று வாசித்தார். பிறகு முற்றிலும் புதியவர் சேர்க்கப்பட்டனர். அதே ஆண்டு இறுதியில் ஆக்ஸல்ராடின் இரண்டாம் சமயப் படைப்பு ‘ரிலீஸ் ஆஃப் அன் ஓத்’ வெளிவந்தது. யூதரின் பாவப் பரிகார நாள் மாலையில் ஓதப்படும் ‘கோல் நித்ரே’ என்னும் மன்றாட்டைத் தழுவியது அது. அதில் தொடக்கக் குழுவினர் ஒருவரும் இல்லை. 1969இல் வந்த தட்டுக்கு ‘ஜஸ்ட் குட் ஓல்ட் ராக் அண்ட் ரோல்’ என்று பெயர். அதைப்பற்றி மிகுதியாய்ச் சொல்வதற்கில்லை. 1970இல் பெயரும் ஓய்ந்தது.

உறுப்பினர் மாறுவது எந்தக் குழுவுக்கும் புதிதன்று. நம் பங்கின் பாடகர் குழுவில் பாட்டனார் பாடிய இடத்தில் இன்று பேரன் பாடுகிறான். குழு மாறிற்று என்று எவரும் சொல்வதில்லை. ஏனெனில் அங்கே பாடல் திருச்சபையினுடையது. பாடுவோர் பெயர் எவருக்கும் தேவைப்படுவதில்லை. கிரகோரியன் இசையை ஆக்கியோருள் மிகப்பலர் பெயரில்லாமலே மறைந்தவர்கள். அதில் அவர்களுக்குக் குறையேதுமில்லை. தாமே மனமுவந்து அளித்த காணிக்கை அது. ராக் குழுவின் இயல்போ இதற்கு நேர் எதிரானது. அது குறிப்பிட்ட நான்கைந்து மனிதரின் குரலும் விரலுமே. அவர்கள் போனால் எஞ்சுவது பெயர்ப்பலகை. கேட்போர் பெயரைத் தேடாத ஒரு பாடம் தயாரிப்பாளரின் கைக்குக் கிடைத்தது. யார் வாசித்தாலும் திருப்பலி திருப்பலியே அன்றோ என்று அவர் கணக்கிட்டிருக்கக் கூடும் என நமக்குத் தோன்றுகிறது. துறவி தானே துறந்த பெயர் வேறு. உழைப்பாளியிடமிருந்து ஒப்பந்தத்தால் பெறப்பட்ட பெயர் வேறு.

முன்னர் விட்ட கேள்விக்கு இப்போது வருவோம். திருத்தந்தை பத்தாம் பயஸ் 1903இல் ஆலயத்துள் பியானோவையும், முரசு, கைத்தாளம் போன்ற பேரொலிக் கருவிகளையும் விலக்கினார். இரண்டாம் வத்திக்கான் சங்கம் 1963 டிசம்பர் 4ஆம் நாள் வெளியிட்ட திருவழிபாட்டு ஏடு, கிரகோரியன் இசைக்கு முதலிடமும் குழலார்மோனியத்துக்குச் சிறப்பும் தந்து, தகுதியுள்ள பிற கருவிகளுக்கும் வாயில் திறந்தது. 1967 மார்ச் 5ஆம் நாள் உரோமை வெளியிட்ட திருவிசை பற்றிய அறிவுரை, மக்களின் பொதுக் கருத்திலும் பழக்கத்திலும் உலகியல் இசைக்கே உரியவையான கருவிகளை வழிபாட்டில் முற்றிலும் தவிர்க்குமாறு பணித்தது. அதன்பின் பத்துத் திங்களில் வந்தது இந்தத் தட்டு. ஆனால் இது பீடத்தருகே ஒலிக்க எழுதப்பட்டதன்று. பாக் என்னும் லூத்தரன் சபை இசைமேதை முழு இலத்தீன் திருப்பலிக்கு இசையமைத்ததையும், வெர்டியின் இரங்கற் திருப்பலி இசை 1874இல் மிலான் நகர ஆலயத்தில் ஒலித்த மூன்றாம் நாளே அந்நகர நாடக அரங்கில் ஒலித்ததையும் நினைத்தால், திருப்பலிச் சொற்கள் அரங்கேறியது 1968இல் தொடங்கியதன்று என்பது விளங்கும்.

வியப்பு வேறொன்றில் இருக்கிறது. 1964 நவம்பர் 29, திருவருகைக் கால முதல் ஞாயிறன்று அமெரிக்க ஆலயங்களில் ஆங்கிலம் பூசைக்குள் நுழைந்தது. நம் பங்குகளிலும் அவ்வாண்டுகளில்தான் இலத்தீன் படிப்படியாக விடைபெற்றுத் தமிழ் பீடமேறியது. அமெரிக்கக் கத்தோலிக்க இளைஞர் கித்தாருடன் ஆலயத்துக்குள் ஆங்கிலப் பாடல் பாடத் தொடங்கிய அதே நாட்களில், ஆலயம் கைநெகிழ்ந்த இலத்தீனை வெளியே கித்தாருடன் ஒரு ராக் குழு ஏந்திக்கொண்டது. இருவரும் வாயிலில் எதிரெதிரே கடந்து சென்றனர் போலும்!

நாம் இத்தட்டைப் பன்முறை கேட்டிருக்கிறோம். குளோரியா இழுபடுகிறது, பிற்பகுதிகளில் கித்தாரின் நீண்ட ஆர்ப்பாட்டம் சொற்களை விழுங்கிவிடுகிறது. ஆனால் கீரியே அப்படியன்று. திருச்சபை கிரேக்கத்திலேயே காத்துவந்த அந்த இரக்க மன்றாட்டைப் பழைய ஓதுமுறையின் சாயலில் லோ பாட, கீழே மின் கித்தார் விம்முகிறது. இசைக்குறிப்பு படிக்கத் தெரியாத இளைஞர்கள், தமக்கு அடங்காத ஒரு பணியில் திணறிக்கொண்டே வாசித்தது அது. அந்தத் திணறல் மன்றாட்டுக்குப் பொருந்தியே வருகிறது.

1969இல் டென்னிஸ் ஹாப்பர் இயக்கிய ‘ஈஸி ரைடர்’ திரைப்படம் அதை உலகறியச் செய்தது. தோழனைக் கொலைக்குப் பறிகொடுத்த இரு மோட்டார்சைக்கிள் பயணிகள், திருநீற்றுப் புதனுக்கு முந்திய மார்டி கிராஸ் களியாட்டத்துக்காக நியூ ஆர்லின்ஸ் நகரை அடைகிறார்கள். உணவகத்தில் அமர்ந்து அவர்கள் உண்ணும்போது பின்னணியில் கீரியே எழுகிறது; அங்கிருந்து தீய இல்லம் ஒன்றுக்குச் செல்கிறார்கள். சிலருக்கு இது அருவருப்பாய்ப் பட்டது. இரக்கம் வேண்டுவோர் இருக்கும் இடம் அதுவும்தானே என்று நாம் நினைக்கிறோம்.

1972இல் லென்னி கே தொகுத்த ‘நக்கெட்ஸ்’ என்ற இரட்டைத் தட்டின் முதற்பாடலாக அந்தக் கனவுப் பாடல் இடம்பெற்றபின், மறந்துபோன குழுவை ஒரு புதிய தலைமுறை தேடத் தொடங்கியது. 1999இல் லோவும் டூலினும் வில்லியம்ஸும் மீண்டும் ஒன்றுகூடினர். 2001இல் ‘ஆர்ட்டிஃபாக்ட்’ என்ற தட்டை வெளியிட்டனர். பழைய பெயர் மீண்டும் அதற்குரியவரைச் சேர்ந்தது. அதன்பின் மேலும் சில தட்டுகளும் பயணங்களும். 2011 பிப்ரவரியில், கட்டலினா தீவில் கடலடித் தூய்மைப் பணிக்கு உதவிக்கொண்டிருந்தபோது டூலின் இறந்தார். ஆக்ஸல்ராட் 2017இலும், லோ 2025 மே மாதத்தில் தம் 82ஆம் வயதிலும் மறைந்தனர். லோவின் குரலில் அந்தக் கீரியே இன்றும் கேட்கக் கிடைக்கிறது. மூன்று நிமிடங்களும் சில வினாடிகளும்தான்.