தெருவைப் படம் பிடித்த பெண்மணி

வரலாறு எழுதுவோர் அரசரையும் அமைச்சரையும் எழுதுவர். வேலைக்கு விரைவோரும், காய்கறிக்குப் பேரம் பேசுவோரும் அவ்வேட்டில் இடம் பெறார். அக்குறையை ஓரளவேனும் நிறைப்பது நிழற்படக் கருவியே. அதனைக் கையிலேந்தி நம் பம்பாய் மாநகரில் உலவிய ஒரு பெண்மணியைப் பற்றி இம்மலரில் எழுத விழைகின்றோம்.

ஹோமாய் வியாராவாலா 1913ஆம் ஆண்டு டிசம்பர்த் திங்கள் 9ஆம் நாள் குஜராத்தில், நவ்சாரியில், பார்சிக் குடும்பமொன்றில் பிறந்தார். தந்தையார் ஊர் ஊராகச் சென்ற நாடகக் குழுவில் நடிகர். பம்பாயில் வளர்ந்த ஹோமாய், ஜே. ஜே. கலைப் பள்ளியில் பயின்றார். பின்னாளில் கணவராக வாய்த்த மானெக்ஷாவிடம் படமெடுக்கக் கற்றார். 1938இல் 'பாம்பே கிரானிக்கிள்' இதழில் அவர்தம் படங்கள் முதன்முதலாக வெளிவந்தன. அவை மாநாட்டுக் காட்சிகள் அல்ல. மகளிர் சிலர் கூடி உல்லாசப் பயணம் சென்ற காட்சி. படமொன்றுக்கு ஊதியம் ஒரு ரூபாய்! பெண்ணின் பெயரை ஏற்கத் தயங்கிய காலமாதலின், தொடக்கத்தில் அவர் எடுத்த படங்கள் கணவர் பெயரிலேயே அச்சேறின.

அவர் கையாண்ட ரோலிஃபிளெக்ஸ் கருவியைக் கண்ணருகே உயர்த்த வேண்டுவதில்லை. மார்பளவில் பிடித்துக் குனிந்து நோக்கினால் போதும். ஒரு சுருளில் 12 படங்களே எடுக்கலாம். ஆகவே ஒவ்வொன்றையும் எண்ணித்தான் எடுத்தல் வேண்டும். கலைப்பள்ளி மாணவியரையும், போர்க்காலத்தில் தீயணைப்புப் பயிற்சி பெற்ற மகளிரையும் அவ்வாறே பதிந்து வைத்தார்.

1942இல் தில்லி சென்றார். 1947இல் செங்கோட்டையில் கொடியேறியதையும், 1948இல் காந்தியடிகளின் இறுதி ஊர்வலத்தையும் படமாக்கிப் புகழ் பெற்றார். எனினும் எம் மனம் அப்பம்பாய்ப் படங்களையே நாடுகின்றது. காரணம் உண்டு.

எம் தந்தையார் திருநெல்வேலிச் சீமையிலிருந்து வந்து, தாராவியில் தோல் பதனிடும் கூடமொன்றில் முப்பதாண்டுகள் உழைத்தவர். அவருடைய படம் எம்மில்லத்தில் ஒன்றே உண்டு. ஸ்டுடியோவில் எடுத்தது; பின்னே தாஜ்மகால் தீட்டிய திரை; உடலில் இரவல் கோட்டு. அவர் நின்ற தொட்டியும், குடியிருந்த சந்தும் எப்படத்திலும் இல்லை. அக்கூடமும் இன்று இல்லை. "தாத்தா என்ன வேலை செய்தார்?" என்று எம் மகன் வினவியபோது, அக்கோட்டுப் படத்தைக் கையில் வைத்துக்கொண்டு சொல்லிழந்து நின்றோம்.

ஹோமாய் 1970இல் தொழிலை விடுத்தார். தம் படங்களை அல்காஜி அறக்கட்டளையிடம் ஒப்படைத்தார். 2010இல் தில்லித் தேசிய நவீனக் கலைக்கூடத்தில் அவை காட்சிக்கு வைக்கப்பெற்றன. 2011இல் பத்மவிபூஷண் விருது பெற்று, 2012 ஜனவரி 15இல் மறைந்தார். அவர் மறைந்தும் அப்படங்கள் வாழ்கின்றன. பேணிக் காத்தமையால் அன்றோ!

நம் சங்கத்து ஆல்பங்களில் மேடையும் மாலையுமே மிகுதி. ஐரோலி நிலையத்தில் விடியற்காலையில் பூக்கூடையுடன் நிற்கும் அன்னையரும், தாராவியின் இட்லிக் கடைகளும், மாட்டுங்காச் சந்தையும் அவற்றில் இல்லை. இன்று யாவர் கையிலும் கருவி உண்டு. அன்பர்கள் இவற்றைப் படமெடுத்து, பெயரும் இடமும் நாளும் குறித்துச் சங்கத்தில் சேர்ப்பிக்க வேண்டுகின்றோம். சீட்டு ஒட்டாத பார்சல் உரியவரைச் சேராது. இது இரயில்வேயில் யாம் கற்ற பாடம். பெயர் குறியாப் படமும் அத்தகையதே.