குரங்கணி: தேயிலை இறங்கிய வழி

குரங்கணி என்றதும் பலருக்கும் நினைவுக்கு வருவது 2018 மார்ச் 11 அன்று நடந்த காட்டுத்தீ விபத்துதான். ஆனால் அதற்கு நூறு ஆண்டுகளுக்கு முன்பே இந்த ஊருக்கு ஒரு வணிக வரலாறு உண்டு.

தேனி மாவட்டம் போடிநாயக்கனூரிலிருந்து சுமார் 16 கி.மீ. தொலைவில், மேற்குத் தொடர்ச்சி மலையின் அடிவாரத்தில் இருக்கிறது குரங்கணி. கொட்டகுடி ஊராட்சியைச் சேர்ந்தது. வைகையின் துணையாறான கொட்டகுடி ஆறு இப்பகுதி மலைகளில்தான் உற்பத்தியாகிறது. காபி, மிளகு, ஏலம், இலவம், மா ஆகியவை இங்கு விளைகின்றன. மலைக்கு மேலே சுமார் 1,700 மீட்டர் உயரத்தில் டாப் ஸ்டேஷன் உள்ளது.

ரயிலே இல்லாத மலை உச்சிக்கு 'ஸ்டேஷன்' என்று பெயர் வந்தது எப்படி?

மூணாறு தேயிலையை வெளியே கொண்டுவர 1902இல் குண்டளைப் பள்ளத்தாக்கில் ஒற்றைத் தண்டவாளப் பாதை போடப்பட்டது. வண்டிகளை மாடுகள் இழுத்தன. 1908இல் அது குறுகிய ரயில்பாதையாக மாறியது. டாப் ஸ்டேஷன் வரை ரயிலில் வந்த தேயிலைப் பெட்டிகள், அங்கிருந்து கயிற்றுப்பாதையில் சுமார் 5 கி.மீ. கீழிறங்கி கொட்டகுடிக்கு வந்தன. அந்த இடம் 'பாட்டம் ஸ்டேஷன்' எனப்பட்டது. பிறகு மாட்டுவண்டியில் போடி. கடைசியில் கப்பலில் இங்கிலாந்து. இடையில் உள்ள மலைக்கிராமம் இன்றும் 'சென்ட்ரல் ஸ்டேஷன்' என்றே அழைக்கப்படுகிறது.

1924 ஜூலை பெருவெள்ளம் அந்த ரயில்பாதையை அடித்துச் சென்றது. அது மீண்டும் போடப்படவில்லை. 1928இல் மதுரை – போடி ரயில் வந்தபோது மூணாறு ரயில் இல்லை. கயிற்றுப்பாதையும் பின்னாளில் நின்றுபோனது.

சரக்கு இறங்க வழி செய்தவர்கள், மனிதர்கள் ஏற நல்ல பாதை போடவில்லை. குரங்கணிக்கு மேலே முதுவர் பழங்குடியினரும் தோட்டத் தொழிலாளர்களும் தலைமுறைகளாக நடந்தே ஏறி இறங்கினார்கள். குரங்கணி – டாப் ஸ்டேஷன் சாலை நெடுநாள் கோரிக்கை.

2018இல் கொழுக்குமலையிலிருந்து குரங்கணிக்கு இறங்கிய மலையேற்றக் குழுவினர் இந்தச் சரிவில்தான் தீயில் சிக்கினர். 20க்கும் மேற்பட்டோர் இறந்தனர். காய்ந்த புல்லும் காற்றும் செங்குத்தான சரிவும் சேர்ந்தால் தீ மிக வேகமாகப் பரவும். வண்டி போக முடியாத இடம் என்பதால் மீட்புக் குழுவினர் இரவில் நடந்தே ஏற வேண்டியிருந்தது. காலையில் ஹெலிகாப்டர்கள் வந்தன.

செங்குத்தான சரிவு என்பதால்தான் அன்று கயிற்றில் தேயிலையை இறக்க முடிந்தது. அதே சரிவுதான் 2018இல் உதவி போய்ச் சேர்வதையும் தாமதமாக்கியது. குரங்கணியின் வரலாற்றைப் புரிந்துகொள்ள அதன் புவியியலைத் தெரிந்துகொள்வது அவசியம்.