பூர்வீக நிலத்தைப் பிரிக்கும் முன், விற்கும் முன் கவனிக்க வேண்டியவை

பூண்டு, உருளைக்கிழங்கு, பீன்ஸ் விளையும் பள்ளங்கி போன்ற மலைக் கிராமங்களில் நிலத்துக்கு வெளியூர்க்காரர்களிடம் கிராக்கி உண்டு. அண்ணன், தம்பிகளில் ஒருவர் அவசரத்துக்கு விற்றுவிட்டால், மொத்தக் குடும்பமும் கோர்ட்டுக்கு அலைய நேரிடும். உங்கள் பட்டா இன்னும் தாத்தா பெயரிலோ, கூட்டாகவோ இருந்தால் கீழே உள்ளவற்றைச் சரிபார்த்துக்கொள்ளுங்கள்.

எந்த வகைச் சொத்து?

அப்பா சொந்தமாக வாங்கிய நிலம் அவருடைய தனிச்சொத்து. அதை அவர் யாருக்கும் எழுதி வைக்கலாம். உயில் எழுதாமல் இறந்தால், 1956-ம் ஆண்டு இந்து வாரிசுரிமைச் சட்டப்படி மனைவி, மகன்கள், மகள்கள், இறந்தவரின் தாய் ஆகியோருக்குச் சம பங்கு. உதாரணமாக, 4 ஏக்கர் நிலத்துக்கு மனைவி, 2 மகன்கள், 1 மகள் மட்டும் வாரிசு என்றால் ஆளுக்கு 1 ஏக்கர். கிறிஸ்தவர்களுக்கு 1925-ம் ஆண்டு இந்திய வாரிசுரிமைச் சட்டமும், முஸ்லிம்களுக்கு ஷரியத் சட்டமும் பொருந்தும்.

மகளுக்குப் பங்கு உண்டா?

பூர்வீகக் கூட்டுக் குடும்பச் சொத்தில் மகளுக்கும் பிறப்பால் பங்கு உண்டு. தமிழ்நாட்டில் 25-03-1989 முதல், அன்றைக்குத் திருமணமாகாத மகள்களுக்கு இந்த உரிமை கிடைத்தது. 09-09-2005 முதல் மத்திய சட்டம் திருமணமான மகள்களுக்கும் கொடுத்தது. அந்தத் தேதியில் அப்பா உயிரோடு இருந்திருக்க வேண்டியதில்லை என்று வினீதா சர்மா வழக்கில் 11-08-2020 அன்று உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. 20-12-2004-க்கு முன்பே பதிவுப் பத்திரம் அல்லது கோர்ட் தீர்ப்பு மூலம் நடந்த பாகப்பிரிவினையை இது பாதிக்காது.

தமிழ்நாட்டில் 1938-ல் ஏலத்தில் வாங்கிய சொத்து குறித்த வழக்கில், மகள் வழிப் பங்கு கேட்டவர்கள் கீழ் கோர்ட்டிலும் உயர் நீதிமன்றத்திலும் தோற்றார்கள். 20-01-2022 அன்று உச்ச நீதிமன்றம் அவர்களுக்குச் சாதகமாகத் தீர்ப்புச் சொன்னது. எத்தனை வருடம் ஆனாலும் விடுபட்ட பங்கு வழக்காகத் திரும்பி வரலாம். எனவே சகோதரிகளை விட்டுவிட்டுப் பத்திரம் போடாதீர்கள். பங்கு வேண்டாம் என்றால், அவர்களே பதிவு செய்த விடுதலைப் பத்திரம் எழுதித் தரட்டும்.

கூர்சீட்டு போதுமா?

போதாது. பாகப்பிரிவினைப் பத்திரத்தைக் கட்டாயம் பதிவு செய்யுங்கள். பிறகு உட்பிரிவுக்கு விண்ணப்பித்து, சர்வேயர் அளந்த பின் தனிப்பட்டா வாங்குங்கள்.

மலையில் ஏக்கர் கணக்கு மட்டும் பார்த்தால் சண்டை தீராது. மேல் படியில் இருப்பவருக்கு ஓடைத் தண்ணீர், ரோட்டோரத்தில் இருப்பவருக்கு வண்டிப் பாதை. கீழ்ப்பங்குக்காரர் மூட்டையை எந்த வழியாகக் கொண்டுபோவது, பைப் லைன் யார் நிலத்தில் போவது, கிணற்றில் யாருக்கு எத்தனை நாள் முறை என்பதையும் பத்திரத்திலேயே எழுதுங்கள்.

விற்கும்போது

* பிரிக்காத நிலத்தில் ஒருவர் தன் பங்கை மட்டுமே விற்க முடியும். மொத்தத்தையும் எழுதிக் கொடுத்தாலும் மற்றவர்களின் பங்கு போகாது. வாங்கியவர் பாகம் கேட்டு வழக்குப் போடலாம்.
* உயில் இல்லாமல் வந்த சொத்தில், முதலில் வாங்கும் உரிமை மற்ற நேரடி வாரிசுகளுக்கு உண்டு (பிரிவு 22). விலையில் உடன்பாடு இல்லையென்றால் கோர்ட் நிர்ணயிக்கும்.
* வாரிசுகளில் மைனர் இருந்தால், அவருக்கு வந்த தனிப் பங்கை விற்க கோர்ட் அனுமதி தேவை.
* வழக்கு நடக்கும்போது விற்றால், வாங்கியவரையும் தீர்ப்பு கட்டுப்படுத்தும்.
* 2006-ம் ஆண்டு வன உரிமைச் சட்டத்தில் கிடைத்த நிலம் வாரிசுக்குப் போகும், விற்க முடியாது.

வழக்குக்கு முன்

வாரிசுச் சான்று, மூலப் பத்திரம், வில்லங்கச் சான்று, 'அ' பதிவேடு, புலப்படம் ஆகியவற்றை எடுத்து வையுங்கள். பட்டா வருவாய்த் துறைப் பதிவுதான். அது மட்டுமே உரிமையை முடிவு செய்யாது. பெண்களுக்கும் ஆதிதிராவிடர், பழங்குடியினருக்கும் வருமான வரம்பு இல்லாமல் சட்டப் பணிகள் குழு இலவச வக்கீல் தரும்; 15100 என்ற எண்ணில் கேட்கலாம். மக்கள் நீதிமன்றத்தில் சமரசமானால் மேல்முறையீடு கிடையாது, கட்டிய கோர்ட் கட்டணமும் திரும்பக் கிடைக்கும். பங்காளிகள் நாளைக்கும் ஒரே வரப்பில் நடக்க வேண்டியவர்கள் என்பதால், முதலில் அந்த வழியை முயன்று பாருங்கள்.