கஜக்கோலும் கோஷாத் திரையும்

மலாய் மக்கள் கைலிக்கு வழங்கும் பெயர்களுள் ஒன்று 'பெலிக்காட்'. கும்மிடிப்பூண்டிக்குக் கிழக்கே, திருவள்ளூர் மாவட்டக் கடற்கரையில் அமைந்த பழவேற்காட்டின் பெயரே அவ்வாறு திரிந்தது. அவ்வூர்த் துணியைக் கடல் கடந்து கொண்டுசென்றோருள் முஸ்லிம் வணிகர் பலர். துணி மூட்டையும் கஜக்கோலும் நமக்கு அவ்வளவு பழக்கமானவை. ஆதலால், காக்கசஸ் மலைநாட்டு முஸ்லிம் ஜவுளிக்காரன் ஒருவனைப் பற்றிய கதை நமக்கு அந்நியமாகத் தோன்றாது.

'அர்ஷின் மால் ஆலான்' என்பது அக்கதையின் பெயர். அர்ஷின் என்பது ஏறத்தாழ 71 சென்டிமீட்டர் கொண்ட நீட்டலளவை. அவ்வளவையால் துணி அளந்து விற்கும் தெரு வியாபாரியையே இப்பெயர் குறிக்கிறது. அஜர்பைஜானின் ஷூஷா நகரச் சூழலில் வளர்ந்த உஸெயிர் ஹாஜிபெயோவ், 1913-இல் செயின்ட் பீட்டர்ஸ்பர்க்கில் இசை பயின்றுகொண்டிருந்தபோது இவ்விசை நாடகத்தை இயற்றினார். உரையும் இசையும் அவருடையவையே. அவ்வாண்டு அக்டோபர் 25-இல் பாக்கு நகரில், ஹாஜி ஸைனுல் ஆபிதீன் தாகியேவ் கட்டிய அரங்கில் அது அரங்கேறியது.

அஸ்கர் என்னும் செல்வ வணிகன், மணக்கவிருக்கும் பெண்ணைப் பார்த்தே மணக்க வேண்டும் என்கிறான். ஊர் வழக்கம் தடுக்கிறது. நண்பன் சுலைமான் வழி சொல்கிறான்: துணி வியாபாரியாக வேடமிட்டால் எந்த வீட்டு முற்றத்திலும் நுழையலாம். அவ்வாறு சென்ற அஸ்கர், சுல்தான் பேக் என்பாரின் மகள் குல்சோராவைக் காண்கிறான். அவளும் அவனை விரும்புகிறாள். ஆனால் தெரு வியாபாரிக்கு மகளைத் தரத் தந்தை இசையவில்லை. உண்மை வெளிப்பட்டபின் ஒன்றல்ல, நான்கு திருமணங்களுடன் கதை நிறைவுறுகிறது.

அரங்கேற்றத்தில் குல்சோராவாக நடித்தவர் ஓர் ஆடவர், அஹ்மத் அக்தாம்ஸ்கி. பெண்ணைக் காண முடியாத குறையைச் சொல்லும் நாடகத்திலேயே பெண் மேடையேற இயலாத காலம் அது.

முப்பதாண்டுகளுக்குப் பின் இந்நாடகம் மீண்டும் திரைக்கு வந்தது. இரண்டாம் உலகப் போரில் சோவியத் படைகளுக்கு வேண்டிய எண்ணெயில் பெரும்பகுதியைத் தந்த நகரம் பாக்கு. 1942-இல் அதனைக் கைப்பற்ற முன்னேறிய ஜெர்மானியப் படை காக்கசஸ் பகுதியில் தடுத்து நிறுத்தப்பட்டது. அப்போரின் இறுதிக் கட்டத்தில் பாக்கு படப்பிடிப்பகத்தில் உருவான இப்படம், 1945-இல் அஜர்பைஜானி, ரஷ்ய மொழிகளில் வெளிவந்தது. ரிஸா தஹ்மாஸிப், நிக்கோலாய் லெஷ்சென்கோ ஆகியோர் இயக்கினர். அஸ்கராக ரஷீத் பெஹ்புதோவும் குல்சோராவாக லெய்லா பதிர்பெய்லியும் நடித்தனர். 1946-இல் படத்துக்கு ஸ்டாலின் பரிசு கிட்டிற்று. பெஹ்புதோவ் பின்னாளில் இந்தியாவுக்கும் வந்து, இந்திப் பாடல்களையும் பாடினார்.

ஈண்டு ஒரு கேள்வி எழுகிறது. பரிசளித்த அரசு எது? 1920-களின் இறுதியிலிருந்து பள்ளிவாசல்களை மூடி, முகத்திரையைக் களைய இயக்கம் நடத்திய அதே அரசு. போரின் நெருக்கடியில்தான் அது சற்றே இறங்கி வந்தது; 1944-இல் காக்கசஸ் முஸ்லிம்களுக்கென பாக்குவில் சமய நிர்வாகம் அமைய இசைந்தது. இத்தகைய அரசின் கையில், புரட்சிக்கு முற்பட்ட முஸ்லிம் வாழ்வைக் காட்டும் நகைச்சுவை, 'கழிந்த இருட்காலம்' என்ற பாடமாக வாசிக்கப்படுவது எளிது. ஆனால் ஹாஜிபெயோவ் இதனை எழுதியது 1913-இல், புரட்சிக்கு நான்காண்டுகள் முன்பு. அச்சிரிப்பு வெளியிலிருந்து வந்த ஏளனமன்று. ஒரு முஸ்லிம் சமூகம் தன்னைத் தானே பார்த்துச் சிரித்துக்கொண்டது.

அச்சிரிப்பின் இலக்கு மார்க்கமும் அன்று, வழக்கமே. மணம் பேச விரும்பிய முகீரா பின் ஷுஅபா (ரலி) அவர்களிடம், பெண்ணைப் பார்த்துக்கொள்ளுமாறும் அது இருவருக்குமிடையே இணக்கத்தை வளர்க்கும் என்றும் நபிகள் நாயகம் (ஸல்) அறிவுறுத்தினார்கள். அவர் சென்று கூறியபோது பெற்றோர் தயங்கினர். திரைக்குப் பின்னிருந்து கேட்ட பெண்ணே, நபியின் சொல் அதுவாயின் பார்க்கலாம் என்றாள் என இப்னு மாஜாவில் பதிவாகியுள்ளது. தாம் மணக்க நாடிய பெண்ணை மறைந்திருந்து பார்த்ததாக ஜாபிர் (ரலி) அவர்கள் கூறும் செய்தி அபூதாவூதில் உள்ளது. அஸ்கரின் வேடம் நாடகக் கற்பனை. அவன் கேட்ட உரிமையோ கற்பனையன்று.

மேலும், குல்சோராவுக்கும் ஒரு விருப்பம் உண்டு என்பதைக் கதை மறக்கவில்லை. அதுவும் ஷரீஅத் தந்த உரிமையே. தம் விருப்பத்துக்கு மாறாகத் தந்தை செய்துவைத்த மணத்தைப் பற்றி முறையிட்ட கன்ஸா பின்த் கிதாம் (ரலி) அவர்களின் நிகாஹை நபியவர்கள் செல்லாததாக்கினார்கள் என்பது புகாரியில் காணப்படுவது.

தாயும் சகோதரியரும் பார்த்து வந்து சொல்ல, மாப்பிள்ளை கேட்டு அமைவதே நம் ஊர்கள் பலவற்றிலும் நெடுங்காலம் வழக்கமாயிருந்தது. பெண்ணின் சம்மதமோ பதிவேட்டில் இடும் கையொப்பத்தோடு முடிந்தது. வழக்கத்தை மார்க்கமென்று நாமே கொண்டால், அதனை மார்க்கத்தின் குறையாகக் காட்ட முனைவோரை எங்ஙனம் மறுப்போம்? துணி அளக்க அர்ஷின் இருந்ததுபோல், வழக்கத்தை அளக்க நம்மிடமும் ஓர் அளவுகோல் உண்டு. அதனை நாமே கையிலெடுப்பது நன்று.