சுவாதீனம்

"என் வீட்டை நான் பூட்ட யாரைக் கேட்க வேண்டும்?" என்று வீட்டுக்காரர்கள் கொதிப்பதுண்டு. கோர்ட்டைத்தான் கேட்க வேண்டும், ஐயா! 1859-இல் காலவரையறைச் சட்டத்தின் 15-ஆம் பிரிவாக முளைத்த இந்த விதி, 1877-இல் குறிப்பிட்ட பரிகாரச் சட்டத்துக்குக் குடிபெயர்ந்தது. 1963-இன் புதிய சட்டத்தில் 6-ஆம் பிரிவாக இன்றும் இருக்கிறது.

சட்டப்படியல்லாமல் வெளியேற்றப்பட்டவன் ஆறு மாதத்துக்குள் வழக்குத் தொடர்ந்தால் போதும். பத்திரம் யாருடையது என்ற விசாரணையே அங்கில்லை. சுவாதீனத்தில் இருந்தவன் யார், அவ்வளவுதான். பாத்தியதை உள்ளவர் பிறகு தனியே வழக்காடிக்கொள்ளட்டும். உரிமை இருந்தாலும் பலவந்தம் கூடாதென்று, மிட்னாப்பூர் ஜமீன்தாரிக் கம்பெனி வழக்கில் 1924-லேயே பிரிவி கவுன்சில் சொல்லிவிட்டது. லல்லு யஷ்வந்த் சிங் வழக்கில் உச்ச நீதிமன்றமும் அதையே சொன்னது.

சரி, பெரியதாழை போன்ற முத்துக்குளித்துறை ஊர்களுக்கு வருவோம். கரையோரக் குடிசை புறம்போக்கில் நின்றால் எதிராளி சர்க்கார். சர்க்கார்மேல் இந்தப் பிரிவின்கீழ் வழக்கே கிடையாது என்று அதே பிரிவில் எழுதியிருக்கிறது. எழுதியவர் யார் என்று கேட்காதீர்கள்!

ஆனாலும் வலைக்காரன் அடியோடு அநாதையல்ல. புறம்போக்கில் இருப்பவனுக்கும் நோட்டீஸ் கொடுத்துக் காரணம் கேட்ட பிறகே கைவைக்க வேண்டும் என்கிறது 1905-ஆம் ஆண்டுச் சென்னை நில ஆக்கிரமிப்புச் சட்டம். பம்பாய் நடைபாதைவாசிகளுக்காக ஓல்கா டெல்லிஸ் தொடர்ந்த வழக்கில், 1985 ஜூலையில், பிழைப்பும் உயிரின் உரிமையே என்றது உச்ச நீதிமன்றம். நடைபாதையை அவர்களுக்குத் தரவில்லை. மழை ஓய்ந்து ஒரு மாதம் ஆகும்வரை, அதாவது அக்டோபர் 31 வரை, குடிசைகளைத் தொடாதே என்றது.